கஞ்சா, ஹெராயின் வழக்குகளில் ஜாமீன்: குடும்பத்தார் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

போதைப்பொருள் வழக்குகளை விசாரிக்கும் சிறப்பு நீதிமன்றத்தின் வாசலில் காலை பத்து மணிக்கு நின்று பார்த்தால், முதல் முறையாக வந்தவர்கள் யார் என்று சொல்லிவிடலாம். கையில் ஒரு மஞ்சள் பை இருக்கும். அதற்குள் வீட்டு வரி ரசீது, ஆதார் நகல், பையனின் கல்லூரி அடையாள அட்டை. "ஷூரிட்டிக்கு ஆள் ரெடி சார், பெயில் எப்ப கிடைக்கும்?" என்பதுதான் அவர்களுடைய முதல் கேள்வி.

பாவம், அவர்கள் தவறான காகிதங்களோடு வந்திருக்கிறார்கள். பெரிய அளவு வழக்குகளில் ஜாமீன்தாரர் கடைசியில்தான் வருவார். முதலில் பார்க்க வேண்டியவை இரண்டு: பிடிபட்டதாகச் சொல்லப்படும் பொருளின் எடை, ரிமாண்ட் செய்யப்பட்ட, அதாவது மாஜிஸ்ட்ரேட் காவலில் வைக்க உத்தரவிட்ட தேதி. இந்த இரண்டையும் தெரிந்துகொண்டு வக்கீலைப் பார்க்கும் குடும்பம் பாதி அலைச்சலைத் தவிர்த்துவிடும். பல வருடங்களாக இந்த வழக்குகளை நடத்துகிறவன் என்ற முறையில், என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதுகிறேன். இது பொதுவான விளக்கம்தான். உங்கள் வழக்கின் காகிதங்களைப் படித்த வக்கீல் சொல்வதே உங்களுக்குப் பொருந்தும்.

கொலை வழக்கில்கூட பெயில் கிடைக்கிறதே, இதில் மட்டும் ஏன் இவ்வளவு கஷ்டம்?

சாதாரணமாக ஜாமீன் மனுவில் நீதிபதி பார்ப்பது மூன்று விஷயங்கள். ஆள் ஓடிவிடுவாரா, சாட்சிகளை மிரட்டுவாரா, ஆதாரத்தை அழிப்பாரா. இல்லை என்று தோன்றினால், நிபந்தனை போட்டு வெளியே விடலாம். குற்றவாளியா இல்லையா என்பதை விசாரணையில் பார்த்துக்கொள்ளலாம்.

1985-ஆம் ஆண்டின் போதை மருந்துகள் மற்றும் மனமயக்கப் பொருள்கள் சட்டத்தில், கோர்ட்டில் எல்லோரும் என்டிபிஎஸ் என்று சொல்லும் சட்டத்தில், 37-ஆவது பிரிவு இதைத் தலைகீழாக மாற்றிவிடுகிறது. 1989-இல் திருத்தம் செய்து இந்தக் கடுமையைச் சேர்த்தார்கள். அதன்படி முதலில் அரசு வழக்கறிஞருக்கு எதிர்ப்புத் தெரிவிக்க வாய்ப்புத் தர வேண்டும். அவர் எதிர்த்தால், இரண்டு விஷயங்களில் நீதிபதி திருப்தி அடைய வேண்டும்: இவர் குற்றம் செய்யவில்லை என்று நம்ப நியாயமான காரணங்கள் இருக்கின்றன, வெளியே போனால் இவர் எந்தக் குற்றமும் செய்யமாட்டார். இரண்டும் சேர்ந்து இருக்க வேண்டும், ஒன்று மட்டும் போதாது. இதைத்தான் இரட்டை நிபந்தனை என்கிறார்கள். "ஒரே பையன், குடும்பம் அவன் சம்பாத்தியத்தை நம்பி இருக்கிறது" என்ற வாதம் இங்கே எடுபடாமல் போவதற்குக் காரணம் நீதிபதியின் கல் நெஞ்சம் அல்ல. சட்டம் அவரைக் கேட்கச் சொல்லும் கேள்வியே வேறு.

எல்லாப் போதைப்பொருள் வழக்குக்கும் இந்த 37 வருமா?

வராது. 2001-இல் சட்டத்தைத் திருத்தி, தண்டனையை எடைக்கு ஏற்ப மூன்று படிகளாகப் பிரித்தார்கள்: சிறிய அளவு, இடைப்பட்ட அளவு, வணிக அளவு. இரட்டை நிபந்தனை முக்கியமாக வணிக அளவுக்குத்தான். அந்தச் சொல்லைக் கேட்டுப் பயந்துவிடாதீர்கள், நீங்கள் வியாபாரம் செய்தீர்களா என்பதைப் பற்றியதல்ல அது. எடையைப் பற்றியது மட்டுமே.

கஞ்சாவுக்கு ஒரு கிலோவுக்குக் கீழே சிறிய அளவு, 20 கிலோவுக்கு மேலே வணிக அளவு. ஹெராயினுக்கு 5 கிராம், 250 கிராம். கோகெய்னுக்கு 2 கிராம், 100 கிராம். மெத்தாம்பெட்டமைனுக்கு 2 கிராம், 50 கிராம். எம்டிஎம்ஏ மாத்திரைக்கு அரை கிராம், 10 கிராம். கடைசியில் சொன்னதைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். சட்டைப்பையில் அடங்கிவிடும் பத்துக் கிராம் தூளும், இரண்டு பயணப்பை நிறைய இருக்கும் இருபது கிலோ கஞ்சாவும் சட்டத்தின் கண்ணில் ஒரே இடத்தில் நிற்கின்றன. "கொஞ்சம்தானே சார் இருந்தது" என்று கல்லூரிப் பிள்ளைகளின் பெற்றோர் சொல்லும்போது எனக்கு வயிறு கலங்கும்.

தண்டனையும் அப்படித்தான். சிறிய அளவுக்கு அதிகபட்சம் ஓராண்டு, இடைப்பட்டதற்குப் பத்தாண்டு வரை. வணிக அளவுக்குக் குறைந்தபட்சமே பத்தாண்டு, அதிகபட்சம் இருபது. அபராதம் ஒரு லட்சத்தில் தொடங்கும்.

எடையைத் தவிர இன்னொரு வழியிலும் 37 உள்ளே வரும். கடத்தலுக்குப் பணம் போட்டதாகவோ கடத்தல்காரருக்கு அடைக்கலம் கொடுத்ததாகவோ 27ஏ பிரிவைச் சேர்த்திருந்தால், அளவு சின்னதாக இருந்தாலும் இரட்டை நிபந்தனை வந்துவிடும். எஃப்ஐஆரில் அந்த எண் இருக்கிறதா என்று பாருங்கள். நண்பனுக்கோ உறவினருக்கோ ஒரு பொட்டலம் வாங்கப் பணம் கொடுத்ததை எல்லாம் கடத்தலுக்கு நிதி அளித்ததாகச் சொல்ல முடியாது என்று 2020 அக்டோபரில் ஒரு நடிகையின் வழக்கில் பம்பாய் உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

சரியாக 20 கிலோ என்று எழுதியிருந்தால்?

வணிக அளவு ஆகாது. குறிப்பிட்ட எடையை "விட அதிகமாக" இருந்தால்தான் வணிக அளவு என்று சட்டத்தின் விளக்கப் பிரிவு சொல்கிறது. அதேபோல சரியாக ஒரு கிலோ என்றால் அது சிறிய அளவும் அல்ல, "விடக் குறைவாக" இருக்க வேண்டும்.

எங்கள் வழக்கில் 21 கிலோ என்கிறார்கள். சாக்கோடு சேர்த்து எடை போட்டிருப்பார்களோ?

நல்ல கேள்வி. இதைக் கேட்காமல் விட்டு மாதக்கணக்கில் உள்ளே இருந்தவர்கள் உண்டு.

ஆந்திரா, ஒடிசா எல்லையிலிருந்து வரும் கஞ்சா பெரும்பாலும் இரண்டு கிலோ பொட்டலமாக, இறுக்கி அழுத்தி, காக்கி நிற டேப் சுற்றி வரும். பத்துப் பொட்டலம் என்றால் பத்துச் சுற்று டேப், பத்து பாலித்தீன் உறை, அப்புறம் வெளியே ஒரு சாக்கு. ஒரு முறை ஒரு மகஜரை, அதாவது பொருளைக் கைப்பற்றும்போது எழுதும் பதிவை, கையில் வைத்து வரி வரியாகப் படித்துக்கொண்டிருந்தேன். முதல் பக்கத்தில் "சுமார் 20.600 கிலோ" என்று இருந்தது. மூன்றாம் பக்கத்தில், எடை போட்ட விவரத்தில், "பொட்டலங்களுடன்" என்று ஒரே ஒரு சொல். உறையைப் பிரித்துத் தனியாக எடை போட்டதற்கு எங்கேயும் குறிப்பு இல்லை. அந்த 600 கிராமுக்குள் டேப்பும் சாக்கும் எவ்வளவு? யாருக்கும் தெரியாது. தெரியாது என்பதுதான் அங்கே வாதம். வணிக அளவா என்பதே சந்தேகத்துக்கு இடமானால் 37 பொருந்துமா என்பதும் சந்தேகம்தானே.

இதோடு சேர்ந்த இன்னொரு விஷயம், எது கஞ்சா என்பது. சட்டத்தின்படி கஞ்சா என்றால் செடியின் பூக்கும் அல்லது காய்க்கும் நுனிப்பகுதி. அந்த நுனி சேர்ந்திராத வெறும் இலையும் விதையும் கஞ்சா ஆகாது. சாக்கில் தண்டு, இலை, விதை எல்லாம் கலந்திருக்க, பிரிக்காமல் மொத்தமாக எடை போட்டிருந்தால் அதையும் எடுத்துச் சொல்லலாம். 21, 22 கிலோ வழக்கில் இது உதவும். 80 கிலோ வழக்கில் உதவாது, அந்த நம்பிக்கையை உங்களுக்குக் கொடுக்க நான் விரும்பவில்லை.

ஹெராயினில் பாதி கலப்படம்தான் என்று ஆய்வக அறிக்கை வந்திருக்கிறது. சுத்தமான பொருளின் எடையைத்தானே எடுக்க வேண்டும்?

முன்பு அப்படி இருந்தது. 2020 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது. இப்போது கலந்திருக்கும் மாவையும் சேர்த்து மொத்த எடைதான் கணக்கு.

மூன்று பேரைச் சேர்த்துப் பிடித்தார்கள், மொத்தம் 24 கிலோ. ஆளுக்கு எட்டு கிலோ என்று பிரிக்க முடியாதா?

பிடித்த விதத்தைப் பொறுத்தது. ஒவ்வொருவர் தோளிலும் தனித்தனிப் பை இருந்து, தனித்தனியாக எடுத்து எடை போட்டிருந்தால் பிரித்து வாதிடலாம். ஒரே காரின் டிக்கியில் இருந்தது, மூவரும் அதே காரில் வந்தார்கள், 29-ஆவது பிரிவான கூட்டுச் சதியும் சேர்த்திருக்கிறார்கள் என்றால் நீதிமன்றம் மொத்தத்தையும் பார்க்கவே வாய்ப்பு அதிகம்.

விசாரணையே நடக்காதபோது "குற்றம் செய்யவில்லை" என்று நீதிபதி எப்படி முடிவு செய்வார்?

இந்தச் சட்டத்தின் மிகக் கடினமான இடம் இதுதான். மேலோட்டமாகச் சந்தேகம் இருக்கிறது என்பது போதாது, அதைவிடக் கூடுதலான காரணம் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. அதே சமயம் ஜாமீன் மனுவிலேயே முழு விசாரணை நடத்தவும் கூடாது. 2023 மார்ச்சில் டெல்லி வழக்கு ஒன்றில் நீதிபதிகள் ரவீந்திர பட், தீபாங்கர் தத்தா அமர்வு இந்த முடிச்சைக் கொஞ்சம் அவிழ்த்தது. 37-ஐ எழுத்துக்கு எழுத்து எடுத்துக்கொண்டால் யாருக்குமே ஜாமீன் கிடைக்காது, அப்படியானால் அது தண்டனைக்கு முந்திய தண்டனையாகிவிடும். ஆகவே கைவசம் உள்ள ஆவணங்களைப் பார்த்து, இவர் குற்றவாளியாகாமல் போகக்கூடும் என்று நியாயமாகத் தோன்றுகிறதா என்று பார்த்தால் போதும் என்றது. என் பார்வையில் மனிதத்தன்மையோடு படிக்க ஒரே வழி அதுதான்.

நடைமுறையில் நீதிபதி தேடுவது இவைதான்: பொருள் யாரிடமிருந்து எடுக்கப்பட்டது, அந்த ஆளுக்கு அது இருப்பது தெரியுமா, அவரைப் பொருளோடு இணைப்பது என்ன, எடுத்த முறை சட்டப்படி இருந்ததா.

என் மகனிடம் எதுவும் எடுக்கவில்லை. ஏ1, அதாவது முதலாவதாகக் குற்றம் சாட்டப்பட்டவன், இவன் பெயரைச் சொன்னான் என்று பிடித்திருக்கிறார்கள்.

இந்த நிலையில் இருக்கும் குடும்பங்களுக்குத்தான் உண்மையான நம்பிக்கை இருக்கிறது. சென்னையில் ஹெராயின் பிடிபட்ட வழக்கு ஒன்று உச்ச நீதிமன்றம் வரை போய், 2020 அக்டோபர் 29 அன்று தீர்ப்பு வந்தது. தூஃபான் சிங் எதிர் தமிழ்நாடு அரசு என்பது அதன் பெயர். வக்கீலிடம் அந்தப் பெயரைச் சொன்னாலே புரிந்துகொள்வார். இந்தச் சட்டத்தின் கீழ் புலனாய்வு செய்யும் அதிகாரிகளும் போலீஸ் அதிகாரிகளே, அவர்களிடம் 67-ஆவது பிரிவில் கொடுத்த வாக்குமூலத்தை ஒப்புதல் வாக்குமூலமாக வைத்துத் தண்டிக்க முடியாது என்று இரண்டுக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் தீர்ப்பானது. அதற்குப் பிறகு, வாக்குமூலம் மட்டுமே ஆதாரமாக உள்ளவர்களுக்கு நீதிமன்றங்கள் ஜாமீன் கொடுத்து வருகின்றன.

"மட்டுமே" என்ற சொல்தான் முக்கியம். இருவருக்கும் இடையே அன்றைய தேதியில் முப்பது போன் அழைப்பு, ஜிபேயில் போன பணம், லாட்ஜில் ஒரே அறை என்று வேறு ஏதாவது இருந்தால் கதை மாறிவிடும். பையனிடம் இதைக் கேட்டு உண்மையைத் தெரிந்துகொண்டு வாருங்கள். வக்கீலிடம் மறைத்தால் அரசு வழக்கறிஞர் வாயிலிருந்து அது கோர்ட்டில் வரும், அப்போது சமாளிக்க முடியாது.

என் வீட்டுக்காரர் ஆட்டோ ஓட்டுகிறார். சவாரி வந்தவன் பையில் இருந்ததற்கு இவரையும் பிடித்துவிட்டார்கள்.

பொருள் வண்டியில் இருந்தது என்பது மட்டும் போதாது, அது இருப்பது தெரிந்து வைத்திருந்தார் என்பதும் வேண்டும். ஆனால் தெரியாது என்று காட்டும் சுமையைச் சட்டத்தின் 35, 54 பிரிவுகள் குற்றம் சாட்டப்பட்டவர் தலையில் வைக்கின்றன. ஆகவே தெரியாது என்று சொன்னால் மட்டும் போதாது, காட்ட வேண்டும். ஆப் வழியாக வந்த சவாரியா? அந்தப் பதிவை உடனே எடுத்து வையுங்கள். ஸ்டாண்டில் ஏற்றினாரா? பக்கத்தில் இருந்த ஓட்டுநர்கள் யார்? கடை வாசலில் கேமரா இருந்தால், பதிவு அழியும் முன்னே அதைக் கேட்டு மனுப் போடச் சொல்லுங்கள். முதல் பத்து நாளில் இதைச் செய்யாவிட்டால் பிறகு எதுவும் மிஞ்சாது.

சோதனை போட்டபோது முறைப்படி எதுவும் செய்யவில்லை. இதை வைத்து பெயில் கிடைக்குமா?

சில மீறல்கள் பெரியவை, சில சிறியவை. உடம்பைச் சோதிக்கும் முன், கெசட்டெட் அதிகாரி அல்லது மாஜிஸ்ட்ரேட் முன்னிலையில் சோதிக்கப்படும் உரிமை உண்டு என்பதைச் சொல்லியாக வேண்டும். 50-ஆவது பிரிவு அது. 1999-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வே அதைக் கட்டாயம் என்று சொல்லிவிட்டது. ஆனால் அது உடம்புக்குத்தான். கையில் இருந்த பை, வண்டி, வீடு இவற்றுக்குப் பொருந்தாது. நம் ஊர் கஞ்சா வழக்குகளில் முக்கால்வாசி பையிலிருந்து எடுப்பவை என்பதால், எல்லோரும் நம்பிக்கையோடு பிடித்துக்கொள்ளும் இந்த 50 பல நேரம் கைகொடுக்காது.

ரகசியத் தகவல் வந்து வீட்டையோ குடோனையோ சோதித்தால் 42-ஆவது பிரிவு: தகவலை எழுதி, 72 மணி நேரத்துக்குள் மேலதிகாரிக்கு அனுப்ப வேண்டும். அதைச் சுத்தமாகச் செய்யவே இல்லை என்றால் வலுவான காரணம். பொது இடத்தில் பிடித்தால் 43, அதற்கு இந்தக் கட்டாயம் இல்லை. எஃப்ஐஆரில் சோதனை நடந்த இடம் எது என்று பாருங்கள், பேருந்து நிலையமா வீடா என்பதில் எல்லாமே மாறும்.

மாதிரி எடுப்பதை மாஜிஸ்ட்ரேட் முன்னிலையில் செய்ய வேண்டும் என்கிறது 52ஏ. இதில் தாமதம் என்று சொல்லி நிறையப் பேர் ஜாமீன் வாங்கி வந்தார்கள். 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், இந்தத் தாமதம் ஒன்றே ஜாமீனுக்குக் காரணமாகாது என்று சொல்லிவிட்டது. இப்போது இது துணை வாதம்தான், தனித்து நிற்காது.

180 நாள் என்று சொல்கிறார்களே, அது என்ன?

நான் தொடக்கத்தில் தேதி என்று சொன்னது இதைத்தான். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

கைதான ஒருவர் மீது குறிப்பிட்ட நாட்களுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யாவிட்டால், அவருக்கு ஜாமீன் உரிமையாகிவிடும். வழக்கு எவ்வளவு பலமாக இருந்தாலும் சரி, எத்தனை கிலோவாக இருந்தாலும் சரி. 37-இன் இரட்டை நிபந்தனை இதற்குக் குறுக்கே வராது என்று 1995-லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. கோர்ட்டில் இதை டிஃபால்ட் பெயில் என்பார்கள். மற்ற வழக்குகளில் 60 அல்லது 90 நாள். வணிக அளவு போதைப்பொருள் வழக்கில் 36ஏ பிரிவின்படி 180 நாள். இடைப்பட்ட அளவு என்றால் 60-ஆவது நாள் முடிந்ததுமே மனுப் போடச் சொல்லுங்கள், 180 வரை காத்திருக்க வேண்டாம்.

எண்ணுவது எப்படி? கைது செய்த நாளிலிருந்து அல்ல, மாஜிஸ்ட்ரேட் ரிமாண்ட் செய்த நாளிலிருந்து. அந்த நாளையும் சேர்த்தே எண்ண வேண்டும் என்று 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒருவரை ஜனவரி 3-ஆம் தேதி ரிமாண்ட் செய்தார்கள் என்று வையுங்கள். ஜனவரியில் 29 நாள், பிப்ரவரியோடு 57, மார்ச்சோடு 88, ஏப்ரலோடு 118, மே முடிய 149, ஜூன் முடிய 179. ஜூலை 1 அன்று 180 முடிகிறது. அன்றும் குற்றப்பத்திரிகை வரவில்லை என்றால், ஜூலை 2 காலை கோர்ட் திறக்கும்போது உங்கள் மனு உள்ளே இருக்க வேண்டும்.

காலை என்று சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. சென்னை சிறப்பு நீதிமன்றத்தில் தொடங்கிய ஒரு வழக்கில், 180 நாள் முடிந்த மறுநாள் காலையில் ஜாமீன் மனு போட்டார்கள். அன்று மாலையே அரசுத் தரப்பு, குற்றப்பத்திரிகையின் இடத்தில் நிற்கும் கூடுதல் புகார் மனுவைத் தாக்கல் செய்துவிட்டது. அதை வைத்து உயர் நீதிமன்றம் ஜாமீனை ரத்து செய்தது. 2020 அக்டோபர் 26 அன்று உச்ச நீதிமன்றம் அதைத் திருப்பி, மனு எப்போது உள்ளே வந்ததோ அப்போதே உரிமை உறுதியாகிவிட்டது, பின்னால் வரும் காகிதம் அதைப் பறிக்க முடியாது என்றது. அந்தச் சில மணி நேரம்தான் ஒருவருடைய விடுதலை. மனு போடாமல் சும்மா இருந்து, குற்றப்பத்திரிகை முதலில் வந்துவிட்டால் உரிமை போய்விடும். சட்டம் தானாக வந்து கதவைத் திறக்காது.

ஒரு முட்டுக்கட்டை உண்டு. 180 நாள் முடியும் முன்னே அரசு வழக்கறிஞர் அறிக்கை கொடுத்து, ஓராண்டு வரை நீட்டிக்கக் கேட்கலாம். அந்த அறிக்கையில் புலனாய்வு எவ்வளவு நடந்திருக்கிறது, இன்னும் இவரை உள்ளே வைக்க என்ன தனிக் காரணம் என்று இருக்க வேண்டும். புலனாய்வு அதிகாரியின் கடிதத்தை அப்படியே மேலே அனுப்புவது போதாது. உள்ளே இருப்பவருக்குத் தெரியாமல் நீட்டிக்கவும் கூடாது. ஆகவே 150-ஆவது நாளிலிருந்தே வக்கீலை வாரம் ஒரு முறை கேளுங்கள்: நீட்டிப்பு மனு வந்திருக்கிறதா என்று.

ஆய்வக அறிக்கை இல்லாமல் குற்றப்பத்திரிகை மட்டும் வந்தால் அது முழுமையானதா என்பதில் உயர் நீதிமன்றங்கள் ஒன்றுக்கொன்று மாறாகச் சொல்லியிருக்கின்றன. உங்கள் வக்கீல் அந்தப் புள்ளியையும் எழுப்பட்டும்.

குற்றப்பத்திரிகை வந்துவிட்டது, ஆனால் விசாரணை மூன்று வருடமாக நகரவில்லை.

நீண்ட காலம் உள்ளே இருந்ததை மட்டும் வைத்து ஜாமீன் கிடையாது என்று 2022 ஜூலையில் உச்ச நீதிமன்றம் ஒரு ஜாமீனை ரத்து செய்தது. ஆனால் அடுத்த ஆண்டே, நான் முன்பு சொன்ன டெல்லி வழக்கில், ஏழு வருடத்துக்கு மேல் உள்ளே இருந்தவருக்கு ஜாமீன் கொடுத்து, விசாரணை தேவையில்லாமல் இழுத்தடிக்கப்பட்டால் 37 தடையாகாது என்றது. அதே 2023-இல் ஒடிசாவின் 247 கிலோ கஞ்சா வழக்கிலும், மூன்றரை வருடம் கழிந்த நிலையில் ஜாமீன் கிடைத்தது. அரசியல் சாசனத்தின் 21-ஆவது பிரிவு தரும் உயிர், சுதந்திரம் என்ற உரிமை சட்டத்தின் தடைக்கு மேலானது என்பதுதான் காரணம்.

ஆகவே மாதங்களை மட்டும் சொல்லாதீர்கள். எத்தனை சாட்சி, எத்தனை பேர் வந்தார்கள், எத்தனை முறை யாரால் வாய்தா என்று ஒரு தாளில் எழுதி வக்கீலிடம் கொடுங்கள். வாய்தா வாங்கியது உங்கள் தரப்பு என்றால் இந்த வாதம் உங்களுக்கே எதிராகத் திரும்பும்.

ஏற்கெனவே ஒரு கஞ்சா வழக்கு இருக்கிறது. அப்போ கிடைக்கவே கிடைக்காதா?

இரட்டை நிபந்தனையின் இரண்டாம் பாதியில் அடிபடும். பழைய வழக்கு விடுதலையில் முடிந்திருந்தால் அந்தத் தீர்ப்பின் நகலை வாங்கி வையுங்கள். போலீஸ் தரும் பட்டியலில் முடிந்துபோன வழக்கும் நிலுவை என்றே வருவதைப் பார்த்திருக்கிறேன்.

எந்தக் கோர்ட்டில் போட வேண்டும்? எத்தனை முறை போடலாம்?

முதலில் சிறப்பு நீதிமன்றம், டிஸ்மிஸ் ஆனால் சென்னை உயர் நீதிமன்றம் அல்லது மதுரைக் கிளை, அப்புறம் உச்ச நீதிமன்றம். எண்ணிக்கைக்கு வரம்பு இல்லை. ஆனால் நிலைமை மாறாமல் அதே மனுவைப் போடுவது வீண் செலவு. ஆய்வக அறிக்கை வந்தது, குற்றப்பத்திரிகை வந்தது, உடன் குற்றம் சாட்டப்பட்டவருக்கு ஜாமீன் கிடைத்தது என்று ஏதாவது புதிதாக வேண்டும். "ஜட்ஜை எனக்குத் தெரியும், இவ்வளவு கொடுங்கள்" என்று ஒருவர் வந்தால் அந்த இடத்திலேயே எழுந்து வந்துவிடுங்கள். நகையை விற்று அப்படி ஏமாந்த தாய்மாரை நான் நிறையப் பார்த்துவிட்டேன். வசதி இல்லாதவர்களுக்கு மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் தருகிறது.

முன்ஜாமீன்?

மனுப் போடத் தடையில்லை, ஆனால் வணிக அளவில் கிடைப்பது அபூர்வம்.

பையனுக்கு 17 வயது.

அப்படியானால் 37 அவனுக்கு இல்லை. சிறார் நீதிச் சட்டத்தின் 12-ஆவது பிரிவுதான். பள்ளி மாற்றுச் சான்றிதழையோ பிறப்புச் சான்றிதழையோ அன்றே கொண்டுபோய்க் காட்டுங்கள். பதினெட்டு என்று எழுதி மத்தியச் சிறைக்கு அனுப்பிவிட்டால், திருத்தி எடுப்பதற்குள் அந்தப் பிள்ளை பார்க்கக்கூடாததை எல்லாம் பார்த்துவிடும்.

குண்டாஸ் போடுவார்கள் என்கிறார்களே, அது வேறா?

வேறு. தமிழ்நாட்டில் 1982-ஆம் ஆண்டின் தடுப்புக்காவல் சட்டத்தில் போதைப்பொருள் குற்றவாளிகளும் ஒரு வகையாக இருக்கிறார்கள். மாவட்ட ஆட்சியரோ காவல் ஆணையரோ ஆணை போட்டால், வழக்கில் ஜாமீன் கிடைத்தாலும் ஓராண்டு வரை வெளியே வர முடியாது. அந்த ஆணையை அரசு 12 நாளுக்குள் ஏற்க வேண்டும், பிறகு அறிவுரைக் கழகத்தின் முன் வைக்க வேண்டும். எதிர்க்க வேண்டிய வழி ஜாமீன் மனு அல்ல, உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு.

இதில் ஒரு விசித்திரம். "இவர் ஜாமீனில் வெளியே வர வாய்ப்பு இருக்கிறது" என்பதுதான் அந்த ஆணைக்கே அடிப்படை. ஜாமீன் மனுவே நிலுவையில் இல்லாதபோது அப்படிச் சொல்ல முடியாது என்று 2011-இல் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் ஆணையை ரத்து செய்திருக்கிறது. அதனால்தான் சில வக்கீல்கள் "ஜாமீன் மனுவைக் கொஞ்சம் பொறுத்துப் போடலாம்" என்பார்கள். அவர் மெத்தனமாக இருக்கிறார் என்று உடனே நினைத்துவிடாதீர்கள், காரணத்தைக் கேளுங்கள்.

என் மகன் விற்கவில்லை, பழக்கத்துக்கு அடிமை. அதைச் சொல்லலாமா?

சிறிய அளவு வழக்கில் தாராளமாகச் சொல்லலாம், சொல்ல வேண்டும். தானாக முன்வந்து சிகிச்சை எடுப்பவருக்கு 64ஏ பிரிவு வழக்கிலிருந்தே பாதுகாப்புத் தருகிறது. அரசு மருத்துவமனையிலோ அங்கீகரித்த மையத்திலோ சேர்ந்து, அந்தக் காகிதத்தோடு மனுப் போடுங்கள். வணிக அளவில் இந்த வாதம் ஜாமீனுக்கு உதவாது. ஆனால் உள்ளே இருக்கும் பிள்ளைக்கு கை நடுக்கமோ தூக்கமின்மையோ வந்தால், சிறை மருத்துவரிடம் காட்ட உத்தரவிடக் கேட்டுத் தனி மனு போடலாம். அதை ஜாமீனுக்காகக் காத்திருக்க விடாதீர்கள்.

ஜாமீன் உத்தரவு வந்து மூன்று வாரம் ஆகிறது, இன்னும் வெளியே வரவில்லை.

இப்போதுதான் அந்த மஞ்சள் பையின் வேளை வருகிறது. உத்தரவில் இரண்டு ஜாமீன்தாரர், அதில் ஒருவர் ரத்த சொந்தம், இவ்வளவு தொகைக்கு என்று இருக்கும். ஜாமீன்தாரரின் வீட்டு வரி ரசீது நடப்பு ஆண்டுக்கானதா, பெயர் ஆதாரில் உள்ளபடி இருக்கிறதா என்று பாருங்கள். ஓர் எழுத்து மாறியதற்காகத் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் இருக்கிறார்கள். தொகைக்கு ஆளே கிடைக்கவில்லை என்றால் நிபந்தனையைத் தளர்த்தக் கேட்கலாம். உத்தரவு வந்து ஏழு நாளில் ஒருவர் வெளியே போகவில்லை என்றால் சிறைக் கண்காணிப்பாளர் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்றும், ஒரு மாதத்துக்குள் ஜாமீன்தாரர் கிடைக்காவிட்டால் நீதிமன்றம் தானாகவே நிபந்தனையை மறுபரிசீலனை செய்யலாம் என்றும் 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியிருக்கிறது. உங்களுக்கு மூன்று வாரம் ஆகிவிட்டது, நாளைக்கே ஆணைக்குழு அலுவலகத்துக்குப் போங்கள்.

வெளியே வந்ததும் கையெழுத்துப் போடும் நிபந்தனை இருக்கும், தினமும் காலை பத்தரைக்கு என்பது போல. ஒரு நாள்கூடத் தவற வேண்டாம். காய்ச்சல் என்றால் மருத்துவச் சீட்டோடு வக்கீலுக்கு அன்றே தகவல் போகட்டும். செல்போன் வழியாக நீ இருக்கும் இடத்தை எந்நேரமும் போலீசுக்குக் காட்டிக்கொண்டே இரு என்ற நிபந்தனை போடக்கூடாது என்று 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அப்படி ஒன்று உத்தரவில் இருந்தால் மீறிவிடாதீர்கள், நீக்கச் சொல்லி மனுப் போடுங்கள்.